முன்னுக்கு என்றால் எந்தப் பக்கம்

என் மனிசனின் பெயரில் கொலோனில் ஒரு வாங்கு வைக்கப்போகிறார்கள் என்று கேள்விப்பட்டபோது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. வாங்கு என்றால் எங்கள் தமிழில் பெஞ்ச். வாழ்நாள் முழுக்க உட்கார்ந்து யோசித்த மனிதருக்குச் சிலையைவிட வாங்குதான் பொருத்தம். ஆனால் அதன் சாய்மானத்தில் பதிக்கும் பித்தளைத் தகட்டில் என்ன எழுதப்போகிறார்கள் என்று தெரிந்ததும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "நாஹ் ஃபோர்ன்." ஜெர்மன் மொழியில் முன்னோக்கி என்று அர்த்தம். திரும்பிப் பார்க்காதே, எதிர்காலத்தைப் பார் என்பது அதற்குள் ஒளிந்திருக்கும் அர்த்தம்.

அவர் பெயர் ஸ்ரீஸ்கந்தராஜா. அது வாய்க்குள் நுழையாததால் ஜெர்மன்காரருக்கு அவர் ஹெர் ஸ்ரீ. தத்துவவாதி. காலத்துக்குள் போய் வந்தவர். இரண்டாவதைச் சொன்னால் சிரிப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். சிரியுங்கள். நானும் ஒரு காலத்தில் சிரித்தவள்தான்.

யாழ்ப்பாணத்தில் தத்துவம் படித்துவிட்டு இங்கே வந்து பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி தொடங்கினார். "இது தத்துவம் இல்லை, இலக்கணம்" என்று பேராசிரியர் சொன்ன அன்றைக்கே எழுந்து வந்துவிட்டார். பிறகு பிழைப்புக்கு மொழிபெயர்ப்பாளர் வேலை. எங்கள் சனத்துக்கு அகதி விசாரணைக்கோ வைத்தியரிடமோ டெர்மின், அதாவது சந்திப்பு நேரம், கிடைத்தால் கூடப் போய் நடுவில் இருந்து பேசுவார். அதிகாரி "பிறகு என்ன நடந்தது, பிறகு என்ன நடந்தது" என்று கேட்டுக்கொண்டே இருப்பார். எங்கள் ஆட்கள் "அதுக்கு முந்தி ஒண்டு நடந்தது" என்று திரும்பத் திரும்பப் பின்வாங்குவார்கள். பிறகுக்கும் முந்திக்கும் நடுவில் வருடக்கணக்காக நசிபட்ட மனிதனுக்கு அந்த யோசனை வந்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

அவருடைய தத்துவத்தை முதன்முதலில் கேட்டது எங்கள் குசினி மேசைதான். நான் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தேன்.

"இஞ்ச பாரும், ஜசி. முன்னோர் எண்டுறம். அவை செத்துப்போன ஆக்கள். முந்தநாள் எண்டுறம். அது முடிஞ்ச நாள். முன்னம், முந்தி, எல்லாம் நடந்து முடிஞ்சதுகள். அப்ப அதுகள்தான் எங்களுக்கு முன்னுக்கு இருக்கு, கண்ணுக்குத் தெரியுது. பிறகு, பின்னேரம், பிற்காலம், எல்லாம் முதுகுக்குப் பின்னாலை. அதை ஆர் கண்டது? இந்த உலகம் எங்களை முன்னுக்கு நடக்கச் சொல்லுது. எங்கட பாஷை எங்களை நடந்ததைப் பாத்துக்கொண்டு நடக்கச் சொல்லுது."

"அப்பிடி நடந்தா விழுந்து பல்லு உடையும்" என்றேன்.

"உடையட்டும்" என்றார். அவர் எப்போதும் அப்படித்தான்.

என்னை ஜசி என்று கூப்பிட்டவர் உலகத்தில் அவர் ஒருவர்தான். என் பெயர் ஜசிந்தா. வீட்டில் எனக்குப் பேபி என்று பெயர். கல்யாணம் கட்டிய புதிதில் அவராகக் கண்டுபிடித்து வைத்த பெயர்தான் ஜசி.

பதினெட்டாம் நம்பர் ட்ராமில் அவர் எந்த நாளும் ஓட்டுநருக்கு முதுகு காட்டும் இருக்கையில்தான் இருப்பார். மற்றவர்களுக்கு அந்த இருக்கையில் தலை சுற்றும். இவர் கடந்துபோகும் வீடுகளையும் மரங்களையும் விடாமல் பார்த்துக்கொண்டே இருப்பார். பார்த்த பார்வையை விடாவிட்டால் போன இடம் போகாமல் நிற்கும் என்பார். அப்படி நிற்கிற ஏதோ ஒரு தரிப்பில் இறங்குவார். இறங்கினால் அது வேறு ஊர், முந்திய காலம். எப்படி என்று என்னைக் கேட்காதீர்கள், நான் தத்துவம் படித்தவள் இல்லை. பின்னேரம் தேத்தண்ணி நேரத்துக்கு வீட்டுக்கு வந்து சேரும்போது அவர் சப்பாத்தில் சிவப்பு மண் ஒட்டியிருக்கும். அதைக் கழுவியவள் நான்.

என் சிரிப்பை நிறுத்தியது அந்த மண் இல்லை. எங்கள் பக்கத்து வீட்டு ரமா. ரமாவின் அம்மா ஊர் ஆஸ்பத்திரியில் செத்தபோது ரமாவுக்கு இங்கே விசா முடிவாகவில்லை, போக முடியவில்லை. அம்மா தனியக் கிடந்து செத்தாள் என்று ரமா சாப்பிடாமல் மெலிந்துகொண்டிருந்தாள். ஒருநாள் இவர் போய்வந்து ரமாவின் வீட்டு வாசலில் நின்று சொன்னார்: "பிள்ளை, உங்கட அம்மாவுக்குப் பக்கத்திலை நான் இருந்தனான். கடைசியா என்ன சொன்னவ தெரியுமே? 'ரமாவுக்கு உடனை சொல்லிப்போடாதேங்கோ, அவள் உலையிலை அரிசியைப் போட்டிட்டு அப்பிடியே விட்டிடுவாள்' எண்டவ." ரமா வாயைப் பொத்திக்கொண்டு நிலத்தில் உட்கார்ந்துவிட்டாள். அந்தச் செய்தி வந்த அன்று அவள் வீட்டில் அரிசி தீய்ந்து புகை மணி அடித்ததை இந்த மாடியில் இருக்கும் எல்லோரும் அறிவோம். அது அம்மா செத்ததற்குப் பிறகு நடந்தது.

"மாத்த ஏலாது, ஜசி" என்று அன்றைக்கு இரவுச் சாப்பாட்டில் சொன்னார். "ஒரு தேத்தண்ணிக் கோப்பையைக்கூட நடந்ததிலை இருந்து நகர்த்த ஏலாது. ஆனா பக்கத்திலை நிக்கலாம். தனியச் செத்தவை எண்டு நாங்கள் நினைக்கிற ஆக்கள் தனியச் சாகேல்லை. பக்கத்திலை ஆரோ நிண்டவை. அது ஆர் எண்டதுதான் கேள்வி."

அவருடைய தத்துவம் முழுக்க இவ்வளவுதான். நடந்தது நடந்ததுதான், விட்டுத்தள்ளு என்று யாராவது சொன்னால் அவருக்குக் கண் சிவக்கும். "நடந்தது நடந்ததுதான். விடச்சொல்லி ஆர் சொன்னது?" என்பார்.

இனி என் அண்ணன் லோறன்ஸைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலம். ட்யூசன் முடிந்து சைக்கிளில் வரும்போது எங்கள் சந்தியில் பெடியன்களை மதிலோரம் நிரையாக நிறுத்தியிருந்தார்கள். எந்தச் சீருடை என்று எழுதமாட்டேன். எழுதினால் வாசிப்பவர்கள் அண்ணனை விட்டுவிட்டுச் சீருடையைப் பற்றிச் சண்டை பிடிப்பார்கள். நிரையில் லோறன்ஸ் நின்றான். அவனுக்குப் பக்கத்தில், மண்டை பிளக்கும் வெயிலில், மொத்தமான நீலக் குளிர் ஜக்கெற் போட்ட ஒரு மனிதர் நின்றார். அவரை யாரும் பிடித்து நிறுத்தவில்லை. எங்கிருந்தோ நடந்து வந்து, தானாக நிரைக்குள் புகுந்து, என் அண்ணனின் கையைப் பிடித்துக்கொண்டார். அடித்துத் தள்ளினார்கள், விடவில்லை. கடைசியில் அவரையும் சேர்த்தே வண்டியில் ஏற்றினார்கள். ஏறும்போது அவர் இரத்தம் வழிந்த முகத்தோடு என் பக்கம் திரும்பினார். வண்டி இரைச்சலில் எனக்குக் கேட்டது இவ்வளவுதான்: "பின்னுக்கு நில்லும், பசி."

பிறகு ஒருவரையும் காணவில்லை. அம்மா சாகும்வரை அந்த மனிதருக்காகவும் சேர்த்து அழுதாள். "பசியெண்டு கேட்ட விசரனுக்கு ஒரு பிடி சோறு குடுக்க ஏலாமல் போச்சே" என்பாள். விசரன் என்றால் பைத்தியக்காரன். லோறன்ஸைக் கொண்டுபோன நாள் வருடாவருடம் வரும்போது அவன் படத்துக்கு முன்னால் இரண்டு தட்டுப் படைப்பாள். ஒன்று அவனுக்கு, ஒன்று பசித்தவருக்கு. நான் அந்த வழக்கத்தைக் கொலோனுக்கும் கொண்டுவந்தேன். அந்த இரண்டாவது தட்டை ஒவ்வொரு வருடமும் என் மனிசன்தான் சாப்பிடுவார்.

ஒரு வருடம் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் கையை நிறுத்தினார். "அந்த ஜக்கெற்றுக்குப் பொத்தானோ, சிப்போ?"

"சிப்."

"நீலமெண்டா கடும் நீலமோ?"

"ஓம். ஏன் கேக்கிறியள்?"

"அந்த ஆளையும் ஏத்தினவங்கள், என்ன?"

"ஓம். ஏத்தினவங்கள். பிறகு காணேல்லை."

அவர் தட்டை மிச்சம் வைக்காமல் வழித்துச் சாப்பிட்டுவிட்டு எழுந்து கை கழுவினார்.

அடுத்த ஜூலையில், கொலோனில் தார் உருகிய ஒரு நாளில், அலுமாரியில் இருந்து தன் நீலக் குளிர் ஜக்கெற்றை எடுத்தார். "வெயிலுக்கை என்னத்துக்கு இது? விசரே?" என்று பேசினேன். அவர் சிரித்தார். தரிப்பிடம் வரைக்கும் கூடப் போனேன். "முன்னுக்குப் போறன், ஜசி" என்றார். எங்கள் ஆட்கள் வீட்டை விட்டு இறங்கும்போது "போறன்" என்று சொல்லமாட்டார்கள், "வாறன்" என்றுதான் சொல்வார்கள். "போறன் எண்டு சொல்லாதேங்கோ" என்று அதற்கும் பேசினேன். ட்ராம் வந்தது. விளிம்பில் நின்ற என்னை வழக்கம்போலப் பின்னால் தள்ளிவிட்டு ஏறினார். ஓட்டுநருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தார். ட்ராம் வளைவில் திரும்பும்வரை என்னையே பார்த்துக்கொண்டு போனார். அது வளைந்து மறைந்த பிறகுதான் அந்த ஜக்கெற் என் மண்டையில் உறைத்தது. கத்திக்கொண்டு தண்டவாளத்தோரம் ஓடினேன். அடுத்த ட்ராமில் வந்தவர்கள் என்னைப் பிடித்து உட்காரவைத்தார்கள்.

அவர் திரும்பி வரவில்லை. இரண்டு வருடம் ஆகிறது.

இந்த இடத்தில்தான் பாஸ்கரன் வருகிறார். கோயம்புத்தூர்க்காரர், ஜெர்மனியில் கார்ஹிங் என்ற ஊரில் எஞ்சினியர். என் மனிசன் பின்னேரங்களில் எடுத்த தத்துவ வகுப்புகளை இணையத்தில் கேட்டு, ஒலிப்பதிவு செய்து, ஜெர்மனில் மொழிபெயர்த்துப் பரப்பியவர். என் மனிசன் காணாமல் போன பிறகு ஒரு சங்கமே தொடங்கிவிட்டார். டிரெஸ்டன் வரைக்கும் ஆட்கள் இருக்கிறார்கள். எல்லோரும் நீல ஜக்கெற் படம் போட்ட பனியன் போடுகிறார்கள். ஸ்ரீ எதிர்காலத்துக்குப் போயிருக்கிறார், நாங்கள் பின்னால் பார்க்காமல் நடந்தால் அவரைச் சந்திப்போம் என்பது அவர்களுடைய வேதம்.

திறப்பு விழாவுக்கு முந்திய வாரம் பாஸ்கரன் என்னை அழைக்க வீட்டுக்கு வந்தார்.

"அந்த வாங்கிலை பிழையா எழுதியிருக்கிறியள்" என்றேன்.

"என்ன வாங்கணும் மேடம்? சொல்லுங்க, நான் வாங்கிட்டு வந்துடறேன்."

எனக்கு வந்த கோபத்திலும் சிரிப்பு வந்தது. விளங்கப்படுத்தினேன்.

"மேடம், ஸார் க்ளியரா சொல்லிருக்காருங்க. ரெக்கார்டிங் இருக்கு. 'முன்னுக்குப் போகவேணும்'னு. முன்னுக்கு வர்றதுன்னா ப்ராக்ரஸ்தானுங்களே? எங்க ஊர்ல பையன் முன்னுக்கு வந்துட்டான்னா லைஃப்ல செட்டில் ஆயிட்டான்னு அர்த்தம்."

"அது உங்கட ஊர் முன்னுக்கு. அவர் சொன்னது முந்தி. நடந்து முடிஞ்ச பக்கம்."

"அப்ப அந்த விண்டர் ஜாக்கெட்? ஜூலையில எதுக்கு விண்டர் ஜாக்கெட்? ஃப்யூச்சர் குளிரா இருக்கும்னு அவருக்குத் தெரிஞ்சிருக்கு. வேற எக்ஸ்ப்ளனேஷன் இருந்தா சொல்லுங்க."

என்னிடம் வேறு விளக்கம் இருந்தது. ரமாவுக்குக்கூட அதை நான் சொன்னதில்லை. சொன்னால் என்ன ஆகும் என்று பாருங்கள். பாஸ்கரன் சொல்வது சரி என்றால் அவர் இனிமேல் வருவார், ஒருநாள் பின்னேரம் கதவு தட்டப்படும். நான் நினைப்பது சரி என்றால் அவர் எனக்குத் தாலி கட்டுவதற்கு முன்பே, என் கண்ணுக்கு முன்னாலேயே, அந்த வண்டியில் ஏறிவிட்டார். உலகத்தில் நீல ஜக்கெற் ஒன்றுதானா என்று சொல்லிச் சொல்லி இரண்டு வருடம் மனதைத் தேற்றியிருந்தேன்.

பாஸ்கரன் குரலைத் தாழ்த்தினார். "எங்கம்மா ஐசியூல போனப்ப ஃப்ளைட் இல்லைங்க. லேப்டாப் ஸ்க்ரீன்ல பாத்துட்டு இருந்தேன். நர்ஸ் ஃபோனை வெச்சுட்டாங்க. பின்னாடி திரும்பினா நான் செத்துடுவேன் மேடம். ஸாரோட அந்த ஒரு வார்த்தைதான் என்னைக் காப்பாத்துச்சு. அதை எடுத்துடாதீங்க. நீங்க வந்து ரெண்டு வார்த்தை, 'அவர் வருவார்'னு மட்டும் சொல்லுங்க."

மனுஷன் பாவம். ஆனால் பாவம் என்பதற்காகப் பொய் மெய்யாகிவிடாது. பாஸ்கரன் போன பிறகு லோறன்ஸின் படத்துக்கு முன்னால் போய் நின்றேன். இந்த வாங்கு அப்படியே இருந்தால் லோறன்ஸ் அந்த வண்டியில் தனியாகத்தான் போனவன் ஆவான். அவன் கையைப் பிடித்தது பெயரில்லாத ஒரு விசரனாகவே இருப்பான். என் மனிசன் செய்ததை அழித்து அதன்மேல் அவருக்கே ஒரு தகடு அடிக்கிறார்கள். எனக்கு ஒரு புருஷன் திரும்பி வருவான் என்ற ஆசைக்காக நான் அதற்குக் கை தட்ட வேண்டுமா? மாட்டேன் என்று சத்தமாகவே சொன்னேன்.

வாங்கை அந்தத் தரிப்பிடத்துக்குப் பக்கத்தில், புல்தரையில் வைத்திருந்தார்கள். ட்ராம் அவரைக் கொண்டுபோன திசையைப் பார்த்து இருந்தது. நிலத்தில் திருகாணியால் முடுக்கி இறுக்கும் வேலை திங்கட்கிழமைதான் என்று பாஸ்கரன் சொன்னார். பனியன் போட்ட கூட்டம் வட்டமாக நின்றது, பாதி ஜெர்மன்காரர். பாஸ்கரன் அழகாகப் பேசி முடித்து ஒலிவாங்கியை என்னிடம் நீட்டினார்.

எனக்கு ஜெர்மன் நன்றாகவே வரும். ஆனால் நான் சொன்னேன்: "நான் தமிழிலைதான் கதைப்பன். பாஸ்கரன், நீங்களே மொழிபெயருங்கோ."

அவருக்குப் பெருமை தாங்கவில்லை. பக்கத்தில் வந்து நின்றார்.

"என்ர மனிசன் எதிர்காலத்துக்குப் போகேல்லை" என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார். "மேடம்..."

"மொழிபெயருங்கோ."

மொழிபெயர்த்தார். கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. நான் நிறுத்தவில்லை. முன்னோரைச் சொன்னேன், முந்தநாளைச் சொன்னேன், ட்ராமில் அவர் எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்தார் என்று சொன்னேன். சந்தியைச் சொன்னேன். மதிலைச் சொன்னேன். ஜக்கெற்றைச் சொன்னபோது பாஸ்கரனின் குரல் உடைந்தது. ஆனாலும் ஒரு வசனமும் விடாமல் சொல்லிக்கொண்டே வந்தார். ஊரில் நடந்ததை நான் இவ்வளவு சத்தமாக, இவ்வளவு பேருக்கு முன்னால் சொன்னது அதுதான் முதல் தடவை.

"வண்டியிலை ஏறேக்கை அந்த ஆள் என்னைத் திரும்பிப் பாத்தவர். பாத்துச் சொன்னவர்..."

அந்த நேரம் பதினெட்டாம் நம்பர் ட்ராம் இரைந்துகொண்டு வந்தது. பழக்கத்தில் என் கால் தானாகவே பின்னுக்குப் போனது. ட்ராம் வரும்போதெல்லாம் விளிம்பில் நிற்கும் என்னைப் பார்த்து அவர் கல்யாணம் கட்டிய நாளில் இருந்து சொல்லும் வார்த்தை என் காதுக்குள் கேட்டது.

"...பின்னுக்கு நில்லும், பசி எண்டவர்" என்று சொல்லி முடித்தேன்.

பாஸ்கரன் மொழிபெயர்த்தார். கடைசிச் சொல்லுக்கு "ஹுங்கர்" என்றார்.

"இல்லை" என்றேன்.

"பசின்னா ஹுங்கர்தானுங்க மேடம்."

"பசி இல்லை. வண்டிச் சத்தத்திலை எனக்குப் பிழையாக் கேட்டிருக்கு. இவ்வளவு காலமும் பிழையாக் கேட்டிருக்கு." ஒலிவாங்கியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். "அவர் சொன்னது ஜசி."

"ஜசி..." என்று பாஸ்கரன் ஜெர்மன் சொல்லைத் தேடினார்.

"அதை மொழிபெயர்க்காதேங்கோ. அது என்ர பேர்."

கூட்டத்தின் பின்பக்கத்தில் ரமா விம்மியது கேட்டது. எனக்கும் அழுகை வந்தது, அழுதேன். ஆனால் தலையைக் குனிந்து அழவில்லை. அவர் வரமாட்டார். இனி எந்தப் பின்னேரமும் கதவு தட்டப்படாது. சாகப்போகிறோம் என்று தெரிந்தே, என்னிடம் கேட்டுக் கேட்டு உறுதிசெய்துகொண்டே, சிப் வைத்த கடும் நீல ஜக்கெற்றைப் போட்டுக்கொண்டு போனவர் அவர். எனக்குச் சொல்லாமல் போனதற்காக அவர்மேல் எனக்கு இன்றைக்கும் கோபம். என் அண்ணன் தனியப் போகவில்லை என்பதற்காக அவர் காலைத் தொட்டுக் கும்பிடவும் தயார்.

"லோறன்ஸ் தனியப் போகேல்லை" என்றேன். "இதையும் மொழிபெயருங்கோ."

பாஸ்கரன் அதையும் சொன்னார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னிடம் மட்டும் கேட்டார். "அப்ப ப்ளேட்டை எடுத்துடலாமா மேடம்?"

"ஏன் எடுக்க வேணும்? சொல் சரி. வாங்குதான் மற்றப் பக்கம் பாத்துக்கொண்டு கிடக்கு. அவர் ட்ராமிலை பாத்த பக்கம் திருப்புங்கோ."

ரமா வந்து ஒரு முனையைப் பிடித்தாள். நான் நடுவில் பிடித்தேன். இரும்புக் கால், நல்ல பாரம். இந்தமுறை என்ன வாங்க வேண்டும் என்று பாஸ்கரன் கேட்கவில்லை. மற்ற முனையைப் பிடித்துத் தூக்கினார்.